திரையரங்கிற்கு வெளியே கசிந்த நகைச்சுவைப் படங்கள்: 'பிரேமம்', 'கிரேட் கிராண்ட் மஸ்தி' – ஓர் ஒப்பாய்வு

முன்னுரை

திரைப்படத் திருட்டு என்றதும் அரங்கினுள் மறைத்து எடுத்துச் செல்லப்படும் ஒளிப்பதிவுக் கருவியே நினைவிற்கு வரும். திருட்டு வி.சி.டி. பெருகிய காலத்தில் இக்கருத்து வலுப்பெற்றது. தமிழ்நாட்டில் குண்டர் தடுப்புச் சட்டத்தின் வரம்பிற்குள் திருட்டு வீடியோக் குற்றவாளிகள் 2004ஆம் ஆண்டில் சேர்க்கப்பட்டதும் அக்காலச் சூழலின் விளைவே. இணையம் பரவிய பின்னர், அரங்கிற்கு அப்பாலிருந்தும் தெளிவான படிகள் கசியத் தொடங்கின. இம்மாற்றம் நகைச்சுவைப் படங்களைப் பாதித்த விதத்தை இரு படங்களின் வழி இக்கட்டுரை ஆராய்கிறது.

வெளியீட்டிற்குப் பின் கசிவு

அல்போன்ஸ் புத்திரன் இயக்கிய மலையாளக் காதல் நகைச்சுவைப் படமான 'பிரேமம்' 2015 மே 29 அன்று வெளியானது. படம் ஓடிக்கொண்டிருக்கையிலேயே அதன் தணிக்கைப் படி இணையத்தில் பரவியது. விசாரணையில் தணிக்கை வாரியத்தின் தற்காலிகப் பணியாளர் மூவர் கைதாயினர். எனினும் படம் பெருவெற்றி பெற்றது. சென்னையில் 200 நாள்களுக்கு மேல் ஓடியது. கசிவிற்கு முன்பே அது பார்வையாளரிடையே நற்பெயர் ஈட்டியிருந்தமை இங்குக் கருதத்தக்கது.

வெளியீட்டிற்கு முன் கசிவு

'கிராண்ட் மஸ்தி' (2013) என்னும் இந்தி நகைச்சுவைப் படம் பெரும் வசூல் ஈட்டியது. அதன் தொடர்ச்சியான 'கிரேட் கிராண்ட் மஸ்தி' 2016 ஜூலை 22 அன்று வெளிவரவிருந்தது. முன்னதாகவே அது இணையத்தில் கசிந்ததால், வெளியீடு ஜூலை 15ஆம் நாளுக்கு முன்நகர்த்தப்பட்டது. படம் தோல்வியுற்றது. விமர்சனங்களும் பாதகமாக அமைந்தமையால் தோல்வி முழுவதையும் கசிவின்மீது சுமத்துதல் பொருந்தாது. ஆயினும் எதிர்பாராமையால் பிறக்கும் சிரிப்பு, முன்பே அறியப்பட்டால் வலுவிழக்கும். முதல் வார வசூலை நம்பும் படத்திற்கு இவ்விழப்பு ஈடுசெய்ய அரியது.

முடிவுரை

கசிவு நிகழ்ந்த காலமே இழப்பின் அளவைப் பெரிதும் தீர்மானிக்கிறது என்பதை இவ்வொப்பீடு உணர்த்துகிறது. 2023ஆம் ஆண்டுத் திரைப்படச் சட்டத் திருத்தம், அரங்கில் திருட்டுத்தனமாகப் பதிவுசெய்வோர்க்கு மூன்று மாதம் முதல் மூன்று ஆண்டு வரை சிறைத்தண்டனை விதிக்கிறது. ஆனால் அரங்கிற்கே வராத படத்தை எவரும் அரங்கில் பதிவுசெய்திருக்க இயலாது. ஆகவே, படத்தொகுப்பு முதல் தணிக்கை வரை படி கைமாறும் ஒவ்வொரு நிலையிலும் பொறுப்பை வரையறுப்பதே, அரங்கைக் கண்காணிப்பதினும் முதன்மையான தேவையாகிறது.