போர்முனையில் எழுந்த நாடகமேடை

பெல்ஜிய நாட்டின் வடபகுதியில் வாழும் பிளெமிஷ் மக்களின் தாய்மொழி டச்சு. ஆயினும் அந்நாட்டின் அரசாங்கத்திலும் உயர்கல்வியிலும் நெடுங்காலம் கோலோச்சியது பிரெஞ்சு மொழியே. டச்சு, வீட்டுக்கும் சந்தைக்கும் மட்டுமே ஏற்றதென மேட்டுக்குடியினர் கருதினர். அக்கருத்தை மேடையில் நின்று மறுத்தவர் யான் ஆஸ்கர் டெ கிரைட்டர். நடிகராகவும் இயக்குநராகவும் விளங்கிய இவர் 1885ஆம் ஆண்டு கெண்ட் நகரில் பிறந்தார்.

1914இல் மூண்ட முதல் உலகப் போரில் பெல்ஜியப் படை ஐசர் ஆற்றங்கரையில் நான்காண்டுகள் பகைவரை எதிர்த்து நின்றது. வீரருள் பெரும்பாலோர் பிளெமிஷ் மக்கள். அதிகாரிகளின் மொழியோ பிரெஞ்சு. அங்கேதான் எலிசபெத் அரசியாரின் ஆதரவுடன் டெ கிரைட்டர் 'போர்முனை நாடகக் குழு'வை அமைத்தார். பதுங்குகுழிகளிலிருந்து ஓய்வுக்கு வந்த வீரர்கள் தாய்மொழியில் நல்ல நாடகங்களைக் கண்டு களித்தனர்.

போருக்குப் பின், 1920இல், 'பிளெமிஷ் மக்கள் நாடகக் குழு'வை நிறுவி ஊர் ஊராகச் சென்றார். மலிவான கேலிக்கூத்துகளை ஒதுக்கி, இலக்கியத் தரமுள்ள நாடகங்களையே நடத்தினார். கொச்சை நீங்கிய திருத்தமான உச்சரிப்பை நடிகரிடம் வற்புறுத்தினார். பொதுமக்களுக்கு உயர்ந்த நாடகம் விளங்காது என்பதை அவர் ஏற்றாரில்லை. 1922இல் ஆண்ட்வெர்ப் நகர நாடக அரங்கின் தலைமைப் பொறுப்பும் அவரை வந்தடைந்தது.

1929இல், நாற்பத்தைந்து வயதை எட்டுமுன்பே அவர் மறைந்தார். மறு ஆண்டில் கெண்ட் பல்கலைக்கழகம் முழுவதும் டச்சு மொழியில் கற்பிக்கத் தொடங்கிற்று. அவர் அதைக் காணவில்லை. எனினும், உயர்ந்தவற்றைச் சொல்லத் தம் மொழிக்கு ஆற்றலுண்டு என்பதை எளிய மக்கள் அவர் மேடையில் முன்னரே கேட்டிருந்தனர்.