சோலை: ஆங்கிலம் போய்த் திரும்பிய சொல்

2017இல் மேற்குத் தொடர்ச்சி மலையின் இரண்டு சிறு பறவைகளுக்குப் புதிய பேரினப் பெயர் கிடைத்தது: ஷோலிகோலா. பின்பாதி லத்தீன், குடியிருப்பது என்று பொருள். முன்பாதி தமிழ். வி. வி. ராபினும் சக ஆய்வாளர்களும் மரபணுவை ஆராய்ந்து, இவை தனிக்கிளை என்று கண்டு, 'சோலைவாசி' என்று பெயரிட்டார்கள். ஆங்கிலப் பறவைப் பட்டியல்களில் இவற்றின் வழக்குப் பெயர் 'ஷோலக்கிளி'. தமிழர் காதுக்கு அது பச்சைக்கிளியை நினைவூட்டும். மலையாளத்தில் கிளி என்றால் பொதுவாகச் சின்னப் பறவை. காட்டின் அடித்தரையில் பூச்சி பொறுக்கும் இந்த நீலச்சாம்பல் பறவைக்கும் பச்சைக்கிளிக்கும் ஒட்டுமில்லை, உறவுமில்லை.

சமவெளித் தமிழில் சோலை இனிய சொல். பொழில், கா, தண்டலை, பொதும்பர் என அதற்கு இணையான பழஞ்சொற்கள் பல. முருகனின் அறுபடை வீடுகளில் ஒன்று பழமுதிர்சோலை. அந்தப் பெயரைக் கோவை, சென்னைப் பழக்கடைகள் இன்று பலகையில் மாட்டிக்கொண்டிருக்கின்றன. பாலைவனத்தில் நீரும் நிழலும் கண்ட இடத்தையும் சோலை என்றே சொல்கிறோம்.

மலையில் அதே சொல்லுக்கு வேறு முகம். கொடைக்கானலில் பேரிஜம் ஏரிப் பக்கம் ஒரு மதிகெட்டான் சோலை உண்டு. கேரளத்து இடுக்கியிலும் ஒன்று உண்டு. உள்ளே போனவன் திசை தெரியாமல் அலைந்து புத்தி தடுமாறுவான் என்று பெயர்க்காரணம் சொல்வார்கள். இடுக்கிச் சோலை 2003இல் தேசியப் பூங்காவானது. பாம்பாடும் சோலை, ஆனைமுடிச் சோலை ஆகியவையும் அதே ஆண்டில் அந்தத் தகுதி பெற்றன. கோத்தகிரியில் லாங்வுட் சோலை, கொடைக்கானலில் கரடிச்சோலை, டாப்ஸ்லிப் அருகே கரியன் சோலை என்று பட்டியல் நீளும். இங்கே சோலை என்பது ஆள் நட்டு வளர்த்த தோப்பல்ல. வெயில் தரைக்கு இறங்காத அடர்காடு.

1819இல் கோவை கலெக்டர் ஜான் சல்லிவன் நீலகிரிக்கு ஏறினார். அவரைத் தொடர்ந்து வந்த வெள்ளையர், மலைச்சரிவின் மடிப்புகளில் இருண்டு கிடந்த காட்டுத்துண்டுகளை ஊர்க்காரர்கள் சொன்னபடியே எழுதிக்கொண்டார்கள். தமிழின் 'ச' அவர்கள் பேனாவில் 'ஷ' ஆனது. சோளிங்கரும் சோழவந்தானும் ஆங்கில எழுத்தில் அடைந்த மாற்றமும் அதுவே. 1886இல் வெளிவந்த 'ஹாப்சன்-ஜாப்சன்' அகராதியில் 'ஷோலா' தனிப்பதிவாகவே இடம்பெற்றது.

இங்கே ஒரு போலி உறவையும் கழித்துவிட வேண்டும். வெள்ளை அதிகாரிகள் தலையில் கவிழ்த்துக்கொண்ட 'சோலா தொப்பி'க்கும் இந்தச் சோலைக்கும் தொடர்பில்லை. அது வங்காளி, இந்தி மொழிகளில் ஷோலா எனப்படும் நீர்ச்செடியின் வெண்ணிறத் தக்கையால் ஆனது. தமிழில் அதன் பெயர் நெட்டி. தஞ்சாவூர்க் கைவினைஞர்கள் கோயில் மாதிரிகள் செதுக்குவது அதில்தான்.

காட்டியல் அறிஞர்கள் கையில் ஷோலாவின் பொருள் சுருங்கியது. ஏறத்தாழ 1,500 மீட்டருக்கு மேல், புல்வெளிக்கு நடுவே வளரும் குட்டையான பசுமைமாறாக் காடு மட்டுமே ஷோலா என்றானது. கரியன் சோலை அந்த உயரத்துக்கு மிகவும் கீழே கிடக்கிறது. ஊர்வழக்கில் அது சோலை. பாடநூல் இலக்கணப்படி சோலை அல்ல!

நீலகிரியின் மேட்டுநிலத்தில் ஒரு சோலையின் விளிம்பைப் பார்த்தால் இந்தக் குறுகிய பொருளுக்குக் காரணம் புரியும். காடு மெல்ல மெல்லத் தேய்ந்து புல்லாவதில்லை, சட்டென்று முடிகிறது. உள்ளே பாசி போர்த்த முறுக்குமரங்கள், ஈரச் சருகு, சிற்றோடை. ஓரடி வெளியே வந்தால் முழங்கால் உயரப் புல். குளிர்கால இரவுகளில் புல்வெளியில் உறைபனி விழும். சோலை மரத்தின் விதை அங்கே முளைத்தாலும் கன்று கருகிப்போகும். மரநிழலுக்குள் அந்தக் குளிர் அத்தனை கடுமையாக இறங்குவதில்லை. கோடையில் புல்லில் பரவும் தீயும் ஈரமான சோலை விளிம்போடு பெரும்பாலும் நின்றுவிடும்.

அப்படியானால் புல்வெளி இயற்கையானதா, காடு அழிந்ததால் வந்ததா? 1938இல் 'இந்தியன் ஃபாரஸ்டர்' இதழ் இரு தரப்பையும் அச்சிட்டது. உறைபனிதான் மரத்தைத் தடுக்கிறது, புல் அங்கே இயல்பானது என்றார் வன அதிகாரி சி. ஆர். ரங்கநாதன். தீயும் மேய்ச்சலுமே புல்லை நிலைநிறுத்தின என்றார் தாவரவியலாளர் என். எல். போர். வகைப்பாட்டில் இரண்டாவது கருத்தின் சாயலே நிலைத்தது. 1968இல் சாம்பியனும் சேத்தும் வெளியிட்ட இந்தியக் காட்டு வகைப் பட்டியலில் சோலைக்குத் தனி இடம் உண்டு. பக்கத்துப் புல்வெளியோ அந்தக் காட்டின் சீரழிந்த நிலையாகவே குறிக்கப்பட்டது.

விடை சதுப்பு மண்ணுக்குள் இருந்தது. நீலகிரியின் பள்ளத்தாக்குகளில் செடிகொடிகள் மட்கி, ஆயிரக்கணக்கான ஆண்டுகளாக அடுக்கடுக்காகப் படிந்த பீட் மண் உண்டு. வெப்பநிலப் புற்கள் கார்பனைச் சேர்க்கும் முறை வேறு, மரங்களின் முறை வேறு. கார்பன்-13 அளவில் அந்த வேறுபாடு பதிந்துவிடும். ஆர். சுகுமார், ஆர். ரமேஷ் உள்ளிட்டோர் அந்த அடுக்குகளை அளந்து 1993இல் 'நேச்சர்' இதழில் வெளியிட்டார்கள். பதிவு ஏறத்தாழ 20,000 ஆண்டுகள் பின்னோக்கிப் போனது. பனியுகத்தின் வறண்ட காலத்தில் புல் ஓங்கியிருக்கிறது. ஈரம் கூடிய காலத்தில் மரவகைகளின் பங்கு ஏறியிருக்கிறது. அந்த மலையில் கோடரி விழுவதற்கு வெகுகாலம் முன்பே புல் அங்கே இருந்திருக்கிறது.

இந்த விடை வருவதற்குள் புல்வெளி நிறையக் கைமாறிவிட்டது. தரிசு என்று கணக்கெழுதப்பட்ட மேடுகளில், 19ஆம் நூற்றாண்டில் விறகுக்காக ஆஸ்திரேலியாவின் கற்பூர மரமும் (யூகலிப்டஸ்) சீகையும் (வாட்டில்) இறங்கின. பின்னர் தோல் பதனிடும் பட்டைக்காகவும் மரக்கூழுக்காகவும் தோட்டங்கள் விரிந்தன. தோட்டத்துக்கு வெளியேயும் சீகை தானாகவே பரவியது. பழனி மலையின் செயற்கைக்கோள் படங்களை ஒப்பிட்ட 2018ஆம் ஆண்டு ஆய்வு, 1973க்கும் 2014க்கும் இடையே மூன்றில் இரண்டு பங்கு புல்வெளி போய்விட்டதாகக் கணக்கிட்டது. சோலை இழந்த பரப்பு அதைவிட மிகக் குறைவு. ஆனால், பொதுப்பேச்சிலும் வழக்குமன்றத்திலும் அடிபட்ட சொல் 'சோலையை மீட்பது'தான். வரையாடு மேய்வதும் நீலக்குறிஞ்சி பூப்பதும் புல்லில். பெயரும் புகழும் மரத்துக்கு.

இதற்கிடையே ஆங்கிலத்திலிருந்து சொல் தாய்வீடு திரும்பி, தமிழ்ப் பாடநூல்களில் 'சோலைக்காடு' ஆகியிருக்கிறது. மலைக்காரர்களுக்குச் சோலை என்றாலே காடுதான். ஆய்வாளர்கள் இப்போது 'சோலை–புல்வெளி' என்று இணைத்தே எழுதுகிறார்கள். களத்திலும் அது வேலையை மாற்றுகிறது. சீகையை வெட்டிய இடத்திலெல்லாம் மரக்கன்று நட்டுவிட முடியாது. முன்பு புல்லாக இருந்த சரிவென்றால், புல் தூரைப் பிரித்து நாற்றங்காலில் பெருக்கி நட வேண்டும். மண்ணுக்குள் உறங்கும் சீகை விதைகள் முளைக்க முளைக்க ஆண்டுதோறும் பிடுங்கவும் வேண்டும்.