பாட்டுகள் காட்டும் பாலக்காட்டு வழியும் மேற்கு மலையும்



நம் சங்க மலருக்குக் கட்டுரை ஒன்று தரவேண்டும் என்று நண்பர்கள் கேட்டார்கள். கல்வெட்டு, செப்பேடு பற்றி எழுதப் பேராசிரியர் பெருமக்கள் இருக்கிறார்கள். அடியேன் வியாபாரி. நயினார் வீட்டுப் பிள்ளை. கொள்முதலுக்காகப் பாலக்காடு, சித்தூர், குமுளிப் பக்கம் போய்வந்தபோது காதில் விழுந்த பாட்டுகளும், இரவு கடை அடைத்தபின் படித்த நூல்களும்தான் என் முதல். அந்த முதலை வைத்து ஒரு செய்தியைச் சொல்ல விழைகிறேன்.

1956 நவம்பர் 1-க்குப் பிறகு பாலக்காடும் மேற்கு மலையும் நமக்கு ஒரு எல்லைக்கோடு ஆகிவிட்டன. அதற்கு முன் பாலக்காடு சென்னை மாகாணத்து மலபார் ஜில்லாவில் இருந்தது. சித்தூர் கொச்சி அரசர் சீமை. தேவிகுளமும் பீர்மேடும் திருவிதாங்கூர் அரசுக்கு உட்பட்டவை. இடுக்கி மாவட்டம் பிறந்ததே 1972-ல்தான். ஆட்சி எத்தனை முறை மாறினாலும் பாட்டுகள் இந்த மண்ணைக் கோடாகப் பார்க்கவில்லை, வழியாகவே பார்த்தன. இதுதான் இக்கட்டுரையின் கருத்து.

வாசலும் சரக்கும்

நீலகிரிக்கும் ஆனைமலைக்கும் நடுவே சுமார் 30 கிலோமீட்டர் அகலத்துக்கு மலை விலகி நிற்கிறது. கடற்கரை முசிறிக்கும் கொங்கு நாட்டுக்கும் இதுவே வாசல். கோவைக்குப் பக்கத்து வெள்ளலூரில் ரோமானியக் காசுகள் கிடைத்தன. சென்னிமலை அருகே கொடுமணலில் கல்மணி செய்த பட்டறைகளை அகழ்வாராய்ச்சியில் கண்டார்கள். பதிற்றுப்பத்து இந்த ஊரைக் கொடுமணம் என்று சொல்லி, அதன் நன்கலங்களைப் புகழ்கிறது. சேர அரசனைப் பாட வந்த புலவர் கொங்கு நாட்டுப் பட்டறையின் சரக்கையும் சேர்த்துப் பாடுகிறார் என்றால் என்ன அர்த்தம்? அரசனின் பெருமைக்குள்ளே ஒரு வியாபார வழியும் ஓடுகிறது என்றுதானே!

அதே வாசல் வழியாகப் படையும் வந்தது. 1766-ல் ஐதர் அலி பாலக்காட்டுக் கோட்டையைக் கட்டினான். சரக்குக்குத் திறந்த வாசலைப் பகைவனுக்கு மட்டும் அடைக்க முடியாது, இல்லையா?

கொங்கனும் கம்பனும்

சித்தூரில் மாசி மாதம் 'கொங்கன்படை' என்று ஒரு திருவிழா நடக்கிறது. கொங்கு அரசன் படையெடுத்து வந்தான், ஊர் மக்கள் பகவதியிடம் முறையிட்டார்கள், பகவதியே களத்தில் இறங்கி அவனை வென்றாள் என்பது கதை. கொங்கன் அனுப்பிய போர் ஓலையை வாசிப்பதும் விழாவில் ஒரு சடங்கு. கோயமுத்தூர்க்காரர் யாராவது அந்தக் கூட்டத்தில் நின்றால் கொஞ்சம் கூச்சமாகத்தான் இருக்கும்! தோற்றது நம்ம ஆள் ஆயிற்றே.

இனி ஆற்றோடு மேற்கே போவோம். ஒற்றப்பாலம், சோரனூர் வட்டாரத்துப் பகவதி கோயில்களில் கூத்துமாடம் என்று ஒரு நீண்ட மேடை இருக்கும். வெள்ளைத் திரைக்குப் பின்னால் தேங்காய் மூடிகளில் 21 விளக்கு ஏற்றி, மான்தோலில் செய்த பாவைகளை ஆட்டுவார்கள். இதற்குத் தோல்பாவைக்கூத்து என்று பெயர். ஊருக்கு ஊர் 7 இரவு, 14 இரவு, 21 இரவு என்று கணக்கு உண்டு. சில இடங்களில் அதற்கும் மேலே போகும். பாடுவது எது தெரியுமா? நம் கம்பராமாயணம். பாட்டு தமிழ்ச் செய்யுள், விளக்கம் தமிழும் மலையாளமும் கலந்த பேச்சு. ஆட்டுகிறவருக்குப் 'புலவர்' என்று பட்டம்.

இதற்கு அவர்கள் சொல்லும் காரணம் அழகானது. இராமன் இராவணனை வென்ற நேரத்தில் பத்ரகாளி தாரிகனோடு போரிட்டுக் கொண்டிருந்தாளாம். இராம இராவண யுத்தத்தைப் பார்க்கக் கொடுத்து வைக்கவில்லை. அந்தக் குறை தீரத்தான் ஆண்டுதோறும் அவள் முன்னே கூத்து. ஆகவே முன்னால் மனிதர் ஒருவரும் இல்லாவிட்டாலும் கூத்து நிற்காது.

இவ்விரண்டையும் சேர்த்து வைத்துப் பாருங்கள். கொங்கனை விரட்டியவள் பகவதி. இரவெல்லாம் விழித்திருந்து கம்பன் கவி கேட்பவளும் பகவதியே! மலையாளத்தில் இராமாயணம் இல்லாமலா போயிற்று? துஞ்சத்து எழுத்தச்சன் தம் கடைசிக் காலத்தைச் சித்தூரில்தான் கழித்தார் என்று அவ்வூர் மக்கள் போற்றுகிறார்கள். அப்படியிருந்தும் கூத்துமாடத்தில் கம்பனை யாரும் மாற்றவில்லை. படை நடத்தி வந்த கொங்கன் தோற்றுப் போனான், பாட்டோடு வந்தவன் அங்கேயே தங்கிவிட்டான்.

கண்யார்களி என்ற கிராமியக் கலையிலும் இதைப் பார்க்கலாம். ஆலத்தூர், சித்தூர்ப் பக்கத்து ஊர்களில் இரவிரவாக ஆடுவது. அதில் 'புறாட்டு' என்ற பகுதியில் குறவன் குறத்தி முதலாகப் பல ஊர், பல குலத்து மனிதர்கள் வேஷம் கட்டி வருவார்கள். அவர்கள் வாயில் தமிழும் மலையாளமும் கலந்தே பாட்டு வரும். பிழைப்புத் தேடி மலையைத் தாண்டி வந்த ஏழை எளியவர் பெயர் எந்தச் செப்பேட்டிலும் இல்லை, ஆனால் அவர்கள் நடையும் பேச்சும் இந்த ஆட்டத்தில் நிற்கின்றன.

மலைமேல் கண்ணகி

இனித் தெற்கே இடுக்கி எல்லைக்கு வருவோம். குமுளிக்கு மேலே காட்டுக்குள் மங்கலதேவி கோயில் இருக்கிறது. செங்குட்டுவன் எடுத்த கண்ணகி கோட்டம் இதுவே என்று 1963-ல் புலவர் சி. கோவிந்தராசனார் எடுத்துரைத்தார். ஆண்டுக்கு ஒரு நாள், சித்திரைப் பௌர்ணமியன்றுதான் மக்கள் போக அனுமதி. தேனி மாவட்டத்து அதிகாரிகளும் இடுக்கி மாவட்டத்து அதிகாரிகளும் சேர்ந்து ஏற்பாடு செய்கிறார்கள். கோயில் யாருக்குச் சொந்தம் என்ற வழக்குப் பேச்சும் நீண்டகாலமாக உண்டு.

சிலம்பு இதற்கு என்ன சொல்கிறது? வஞ்சிக் காண்டத்தின் முதற்பகுதியே குன்றக்குரவை. கண்ணகி வேங்கை மரத்தடியில் நின்றதையும், விண் சென்றதையும் கண்டவர்கள் மலைக்குறவர்கள். கண்டவுடன் பறை கொட்டி, கொம்பு ஊதிக் குரவை ஆடித் தெய்வமாக ஏற்றார்கள். அரசன் இமயத்துக் கல் கொண்டுவந்து கோட்டம் எடுத்தது அதற்குப் பிறகுதான். அரசன் எழுப்பிய கல்லுக்கு முன்பே காட்டு மக்களின் பாட்டு அவளுக்குக் கோயிலாகிவிட்டது.

அந்தக் குறவர்கள் பெரியாற்றங்கரையில் செங்குட்டுவனைப் பார்க்க வரும்போது கொண்டுவந்த பொருள்களை இளங்கோவடிகள் வரிசையாகச் சொல்கிறார். யானைத் தந்தம், அகில், கவரி, தேன், சந்தனம், ஏலம், மிளகு என்று பட்டியல் நீள்கிறது. புலமையுள்ளவர்கள் அதில் கவிநயம் காண்பார்கள். எனக்கு அது சரக்குச் சீட்டாகத் தெரிகிறது! இன்றைக்கும் வண்டன்மேட்டில் ஏலம் விளைகிறது. புற்றடியிலும் போடிநாயக்கனூரிலும் ஏலக்காய் ஏலம் நடக்கிறது. மறையூரில் சந்தனக் காடு இருக்கிறது. நூற்றாண்டுகள் பல கடந்தும் மலையிலிருந்து இறங்கும் சரக்கு அதிகம் மாறவில்லை. பொய்யாகப் புனைகிறவர்களுக்கு இப்படிப் பட்டியல் போட வராது என்பது வியாபாரியான என் எண்ணம்.

மறையூர், மூணாறு மலைகளில் வாழும் முதுவர் மக்கள் தங்கள் முன்னோர் மதுரையிலிருந்து வந்ததாகச் சொல்கிறார்கள். முதுகில் சுமந்து வந்ததால் முதுவர் என்று பெயர்க்காரணமும் சொல்வதுண்டு. மதுரையை விட்டு மேற்கே மலையேறியது கண்ணகி மட்டுமல்ல என்பது இதனால் விளங்கும்.

சமணத் தடம்

எங்கள் சமயத்தார் இவ்வழியில் வந்த தடமும் உண்டு. ஆலத்தூர் அருகே கோதாபுரத்தில் தீர்த்தங்கரர் உருவங்களும் வட்டெழுத்துக் கல்வெட்டும் கிடைத்தன. அக்கல்வெட்டில் திருக்குணவாய் என்ற பெயர் வருகிறது. இளங்கோவடிகள் இருந்த இடமாகச் சிலப்பதிகாரப் பதிகம் சொல்வது குணவாயிற் கோட்டம். இவ்விரண்டு பெயரின் உறவை அறிஞர்கள் மேலும் ஆராயவேண்டும். பாலக்காட்டில் ஜைனிமேடு என்ற இடத்தில் சந்திரப்பிரபர் ஆலயம் கருங்கல்லில் நிற்கிறது. அந்த மேட்டில் ஒரு ஜைனர் வீட்டில் தங்கியிருந்தபோதுதான் குமாரன் ஆசான் 1907-ல் 'வீணபூவு' எழுதினார். மலையாளக் கவிதையைப் புதுவழிக்குத் திருப்பிய படைப்பு அது. பழைய வாசலில் புதுப்பாட்டும் பிறந்திருக்கிறது பாருங்கள்.

நாம் செய்யவேண்டியது

தோல்பாவைக்கூத்தைக் கோயிலுக்கு வெளியே கொண்டுவந்து உலகறியச் செய்தவர் கூனத்தறை கிருஷ்ணன்குட்டிப் புலவர். அவர் மகன் இராமச்சந்திரப் புலவருக்கு 2021-ல் பத்மஸ்ரீ கிடைத்தது. மகிழ்ச்சிதான். ஆனால் விருது பெறாத பாட்டுகள் எத்தனை? தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து பறித்த அம்மா பாடியது, பாலக்காட்டு அக்ரஹாரத்துப் பாட்டி ஊஞ்சலுக்குப் பாடியது, நடவு வயலில் கேட்டது எல்லாம் யார் குறித்து வைத்திருக்கிறார்கள்?

மும்பையிலும் டெல்லியிலும் பெங்களூரிலும் இருக்கும் நம் குடும்பங்களில் அந்தப் பக்கத்திலிருந்து வந்தவர்கள் நிறையப்பேர். நம் பிள்ளைகளுக்குத் தமிழ் பேச வருகிறது, எழுதப் படிக்கச் சிலருக்குத் தடுமாற்றம். அதைப் பார்த்து, 'நாம் கலப்பட மக்கள்' என்று பெரியவர்கள் வருந்துவதைக் கேட்டிருக்கிறேன். வருந்த வேண்டியதில்லை. மலையாள நாட்டின் நடுவே, எழுத்துப் பள்ளி இல்லாமலே, வாய்வழியாகக் கம்பனைக் காத்தவர்கள் இருக்கும்போது நம்மால் ஏன் முடியாது?

ஒரு வேண்டுகோள் மட்டும். வீட்டில் மூத்தவர் இருந்தால் இந்த ஞாயிற்றுக்கிழமையே அவருக்குத் தெரிந்த ஒரு பாட்டைக் கேட்டு எழுதுங்கள், குரலையும் பதிவு செய்யுங்கள். எந்த ஊர், யார் பாடியது, எந்த வேலையின்போது பாடியது என்று மூன்று விவரத்தையும் கீழே குறியுங்கள். சரக்கு வந்த ஊர் தெரியாவிட்டால் கணக்கு நேராகாது, பாட்டுக்கும் அப்படித்தான். எழுதியதைச் சங்கத்தில் கொண்டுவந்து கொடுங்கள். அடுத்த மலரில் அவையே கட்டுரையாகட்டும்.

வாழ்க தமிழ்!