சிற்றினத்துக்குக் கீழே: ‘வார்’ ஈற்றுச் சொற்களின் பொருளும் வழக்கும்

1. எல்லை

பாக்டீரியங்களுக்குப் பெயரிடும் பன்னாட்டு நெறித்தொகுப்பின் ஆட்சி துணைச்சிற்றினத்தோடு முடிகிறது. பேரினம், சிற்றினம், துணைச்சிற்றினம் ஆகிய மூன்றுக்கும் எவ்வாறு பெயர் சூட்டுவது, எந்தப் பெயர் முந்தியது, எது செல்லாது என்பவற்றுக்கெல்லாம் அதில் விதி உண்டு. அதற்குக் கீழே விதி இல்லை. பின்னிணைப்பில் சில பரிந்துரைகள் மட்டுமே உண்டு. ஆனால் மருத்துவமனை ஆய்வகமும், குடிநீரைச் சோதிப்பவரும், பயிர்நோய் வல்லுநரும் நாள்தோறும் கையாளும் வேறுபாடுகளில் பெரும்பகுதி அந்த விதியற்ற தளத்தில்தான் கிடக்கிறது. சீரோவார், பயோவார், ஃபேகோவார், பேத்தோவார், மார்ஃபோவார் என்று ‘வார்’ ஈற்றில் முடியும் சொற்கள் அந்தத் தளத்துக்கு உரியவை. அவை எதைச் சுட்டுகின்றன, எதைச் சுட்டுவதில்லை என்பதே இக்கட்டுரையின் பொருள்.

முதலில் இரண்டு சொற்களைப் பிரித்துக்கொள்வோம். நோயாளியின் குருதியிலிருந்தோ ஆற்று நீரிலிருந்தோ ஒருமுறை பிரித்து வளர்த்தெடுத்த தூய வளர்ப்பின் வழித்தோன்றல்கள் அனைத்தையும் சேர்த்து ‘ஸ்ட்ரெயின்’ என்பர். நாம் கால்வழி என்போம். கால்வழி என்பது வரலாற்றுச் சொல். எங்கிருந்து, எப்போது, யாரால் பிரிக்கப்பட்டது என்ற பிறப்புச் செய்தி அதில் அடங்கும். ‘வார்’ அவ்வாறானதன்று. ஒரு சிற்றினத்தின் கால்வழிகளைக் குறிப்பிட்ட ஒரு சோதனைக்கு உட்படுத்தி, ஒரே விடை தந்தவற்றை ஒரு தொகுதியாக்கினால் அத்தொகுதி ஒரு ‘வார்’. எந்தச் சோதனை என்பதை ஈற்றுக்கு முன்னுள்ள சொல் கூறும். ஊநீரிலுள்ள எதிர்ப்பொருளோடு திரள்கிறதா என்று பார்த்தால் சீரோவார், அதாவது ஊநீர்வகை. சர்க்கரையை நொதிக்கச் செய்தல் முதலிய உயிர்வேதி வினைகளைப் பார்த்தால் பயோவார். பாக்டீரியங்களை அழிக்கும் வைரஸ்களான ஃபேஜ்களில் எவற்றுக்கு இலக்காகிறது என்று பார்த்தால் ஃபேகோவார். எந்தச் செடியில் என்ன நோய் உண்டாக்குகிறது என்று பார்த்தால் பேத்தோவார்.

இவ்வரையறையிலிருந்து ஒன்று பெறப்படும். ஒரே ‘வார்’ என்பதால் இரு கால்வழிகள் நெருங்கிய உறவினர் ஆகிவிடா. வேறு ‘வார்’ என்பதால் தொலைவானவையும் ஆகிவிடா. பெயர், கேட்ட கேள்விக்கான விடை மட்டுமே. கேட்காத கேள்விக்கும் அதிலிருந்து விடை எடுக்க முயன்ற இடங்களிலெல்லாம் துறை இடறியிருக்கிறது.

2. ‘டைப்’ விலக்கப்பட்ட காரணம்

பழைய நூல்களில் சீரோடைப், பயோடைப், ஃபேஜ்டைப் என்ற வடிவங்களே மிகுதி; மருத்துவ வழக்கில் இன்றும் அவை நீங்கவில்லை. நெறித்தொகுப்பு ‘வார்’ ஈற்றைப் பரிந்துரைப்பதற்குக் காரணம் நடைமுறை சார்ந்தது. பெயரிடலில் ‘டைப்’ என்பதற்கு ஏற்கெனவே ஒரு தனிப்பொருள் உண்டு: ஒரு சிற்றினத்தின் பெயர் எந்தக் கால்வழியோடு நிலையாகப் பிணைக்கப்பட்டுள்ளதோ அது அந்தச் சிற்றினத்தின் டைப் ஸ்ட்ரெயின். ஒரே சொல் ஒரு பக்கத்தில் பெயரின் ஆதாரத்தையும் மறுபக்கத்தில் வெறும் சோதனைத் தொகுதியையும் குறித்தால் குழப்பம் மிஞ்சும். ‘வெரைட்டி’ என்ற சொல்லுக்கும் இடமில்லை. அது துணைச்சிற்றினத்தின் மறுபெயராகக் கருதப்பட்டதால், புதுப்பெயர்களில் அதற்கு மதிப்பில்லை என்று 1975ஆம் ஆண்டுத் திருத்தம் விலக்கிவிட்டது.

3. சீரோவார்: சால்மோனெல்லாவின் வாய்பாடு

‘வார்’களுள் மிக விரிவாக வகுக்கப்பட்டது சால்மோனெல்லாவின் சீரோவார் முறை. இந்தப் பேரினத்தில் பொதுவாக ஏற்கப்படும் சிற்றினங்கள் என்டெரிகா, போங்கோரி என இரண்டே. என்டெரிகாவில் ஆறு துணைச்சிற்றினங்கள். ஆனால் சீரோவார்களோ 2,500க்கு மேல். பிரூஸ் வைட், ஃபிரிட்ஸ் காஃப்மன், பின்னர் பாரிஸ் பாஸ்டர் நிறுவனத்தின் லியோன் லெ மினோர் ஆகியோர் பெயரால் வழங்கும் அட்டவணையில் இவை ஒழுங்குபெற்றுள்ளன.

அட்டவணையின் அடிப்படை இரண்டு ஆன்டிஜென்கள். பாக்டீரியத்தின் வெளிச்சவ்வில் கொழுப்போடு பிணைந்து நீளும் சர்க்கரைச் சங்கிலி ஓ ஆன்டிஜென். நீந்துவதற்கான கசையிழையின் புரதம் எச் ஆன்டிஜென். ஓவுக்கு எண்களும், எச்சுக்கு எழுத்துகளும் எண்களும் இட்டு ஒரு வாய்பாடு எழுதப்படும். டைஃபாய்டை உண்டாக்கும் டைஃபி, முட்டை வழியே உணவு நஞ்சாதலை உண்டாக்கும் என்டெரிடிடிஸ் ஆகிய இரண்டுக்கும் ஓ எண்களில் 9, 12 பொது. எச் எழுத்துகளே அவற்றைப் பிரிக்கின்றன. டைஃபி மனிதனைத் தவிர வேறு உயிரில் இயற்கையாகத் தங்குவதில்லை. என்டெரிடிடிஸ் கோழியிலும் பல விலங்குகளிலும் வாழும். ஒரு திரட்சிச் சோதனை இவ்வளவு பெரிய வேறுபாட்டைச் சுட்டிக்காட்டியது இம்முறையின் பெருமை. ஆனால் நோயின் போக்குக்குக் காரணம் அந்தக் கசையிழை எழுத்து என்று கொள்ளக்கூடாது. எழுத்து ஓர் அடையாளக் குறி. காரணம் மரபணுத்தொகுதியில் வேறிடங்களில் பரந்துள்ளது.

காஃப்மன் ஒவ்வொரு சீரோவாரையும் தனிச் சிற்றினமாகவே கருதினார். அதன் விளைவு இன்றும் எழுத்துமுறையில் தெரிகிறது. தொடக்கத்தில் நோயையும் விலங்கையும் வைத்துப் பெயரிட்டனர். பிறகு முதலில் பிரித்தெடுத்த ஊரின் பெயரை இட்டனர். டப்ளின், லண்டன், ஹைடல்பர்க், பனாமா என்று அட்டவணை ஒரு நிலப்படம் போலவே நீள்கிறது. ஊர்ப்பெயரில் ஒரு நன்மை உண்டு: அது எதையும் உறுதிகூறாது. விலங்குப் பெயர் கூறும். பெரும்பாலும் தவறாகவே கூறும். பன்றிக் காலராவின் கிருமி என்று எண்ணிப் பெயரிட்ட கோலரேசுயிஸ் அந்நோய்க்குக் காரணமன்று என்பதும், காரணம் ஒரு வைரஸ் என்பதும் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே தெளிந்தன. பெயர் மட்டும் மாறவில்லை. எலியின் டைஃபாய்டு என்று பொருள்படும் டைஃபிமியூரியம் மனிதரிடத்தும் மாட்டிலும் கோழியிலும் சாதாரணமாகக் காணப்படுவது.

சிற்றினங்கள் ஒடுங்கிச் சீரோவார்களான பின், அவற்றின் பெயரை அச்சில் சாய்வெழுத்தில் இடுவதில்லை. முழு வடிவம் ‘சால்மோனெல்லா என்டெரிகா துணைச்சிற்றினம் என்டெரிகா சீரோவார் டைஃபி’ என்பது. யாரும் அவ்வளவு எழுதுவதில்லை. ‘சால்மோனெல்லா டைஃபி’ என்ற சுருக்கம் ஏற்கப்பட்டதே. அச்சுருக்கத்தில் டைஃபி சிற்றினப் பெயரன்று என்பதை எழுத்துருவே காட்ட வேண்டும். சாய்வெழுத்துக்குப் பெரிதும் இடமில்லாத தமிழ் அச்சில் அந்தக் காட்டுதல் மறைந்துவிடுகிறது. ஆதலால் தமிழில் ‘சீரோவார்’ என்ற சொல்லை ஒரு கட்டுரையில் முதல்முறையேனும் விடாமல் எழுதுவது நலம் என்பது நம் கருத்து.

வாய்பாட்டில் இன்னொரு நுட்பமும் உண்டு. பல சீரோவார்களின் கசையிழைக்கு இரண்டு நிலைகள். ஓர் உயிரணு ஒரு நேரத்தில் முதல் நிலைப் புரதத்தையோ இரண்டாம் நிலைப் புரதத்தையோதான் ஆக்கும். டிஎன்ஏவின் ஒரு சிறு துண்டு தன்னிடத்திலேயே தலைகீழாகத் திரும்புவதால் இந்நிலை மாறுகிறது. ஆகவே தட்டில் வளர்ந்த ஒரு திரளை ஒருமுறை சோதித்தால் பாதி விடைதான் வரும். ஆய்வகத்தார் முதல் நிலைக்கு எதிரான ஊநீரை இளக்கமான ஏகாரில் கலந்து, அதில் கிருமியை விதைப்பர். முதல் நிலையில் உள்ளவை திரண்டு அங்கேயே நின்றுவிடும். இரண்டாம் நிலைக்கு மாறியவை நீந்தி வெளிவரும். அவற்றை எடுத்து மீண்டும் சோதித்தால் வாய்பாடு நிறைவுறும். சீரோவார் என்பது ஒரு கணத்தில் ஓர் உயிரணு காட்டும் தோற்றமன்று, அந்தக் கால்வழியால் காட்ட இயலும் தோற்றங்களின் தொகை என்பது இதனால் விளங்கும்.

4. காலரா: ஒரு கிருமி, இரு கேள்விகள்

விப்ரியோ காலரேவில் சீரோவாரும் பயோவாரும் ஒன்றன்மேல் ஒன்றாக வருகின்றன. ஓ ஆன்டிஜெனை வைத்து அது தொகுதிகளாகப் பிரிக்கப்படும். கொள்ளைநோயாகப் பரவுவது ஓ1 தொகுதி என்பது நெடுங்கால முடிபு. ஓ1க்குள் இனாபா, ஒகாவா, அரிதாக ஹிக்கோஜிமா என்ற உட்பிரிவுகள். ஒகாவாவின் சர்க்கரைச் சங்கிலி நுனியில் ஒரு மீத்தைல் தொகுதி இருக்கிறது. அதை ஒட்டும் நொதிக்கான மரபணு பழுதானால் அதே கிருமி இனாபா ஆகிவிடும். ஒரு கொள்ளைநோயின் நடுவிலேயே ஒகாவா இனாபாவாக மாறிய நிகழ்வுகள் உண்டு. புதிய கிருமி வந்தது என்று அதைக் கொண்டால் அது தவறான முடிவு.

பயோவார் கேள்வி வேறு. 1905இல் சினாய்த் தீபகற்பத்தின் தோர் தனிமைப்படுத்தல் நிலையத்தில் பயணிகளின் உடலிலிருந்து கோட்ஷ்லிஷ் பிரித்த கால்வழிகள் எல் டோர் என்று பெயர் பெற்றன. வோகஸ்–பிராஸ்காவர் வினை, பாலிமிக்சின் பி மருந்துக்கு எதிர்ப்பு, கோழியின் செங்குருதியணுக்களைத் திரட்டல், ஃபேஜ் ஏற்பு ஆகியவை அவற்றைப் பழைய ‘கிளாசிக்கல்’ வகையிலிருந்து பிரித்தன. தொடக்கத்தில் குருதியணுவைச் சிதைக்கும் பண்பே முதன்மை அடையாளமாக இருந்தது. 1961இல் இந்தோனேசியாவிலிருந்து ஏழாம் உலகப் பரவல் கிளம்பிய பின் வந்த எல் டோர் கால்வழிகள் பல அப்பண்பை இழந்திருந்தன. அடையாளம் போயிற்று; பெயர் நின்றது.

1992இன் பிற்பகுதியில் சென்னையில் காலரா போன்ற கொள்ளைநோய் தோன்றியது. பிரித்தெடுத்த விப்ரியோக்கள் ஓ1 ஊநீரோடு திரளவில்லை. அதுவரை அறியப்பட்ட 138 தொகுதிகளின் ஊநீர்களோடும் திரளவில்லை. புதியதற்கு ஓ139 என்று எண் இட்டனர். வங்கக் கடலோரமாகப் பரவியதால் பெங்கால் என்ற பெயரும் வந்தது. அடுத்த ஆண்டுக்குள் கொல்கத்தாவையும் வங்கதேசத்தையும் அது ஆட்கொண்டது. ஓ1க்கு எதிரான உடற்காப்பு பெற்றிருந்த பெரியவர்களும் நோயுற்றனர். உடல் நினைவில் வைத்திருந்தது வேறு சர்க்கரைச் சங்கிலியை.

ஆனால் பயோவார் சோதனைகளை இட்டால் ஓ139 எல் டோர் போலவே விடை தந்தது. பின்னர் மரபணு ஆய்வு காரணத்தைக் காட்டியது: எல் டோர் கால்வழி ஒன்றில் ஓ ஆன்டிஜெனை ஆக்கும் மரபணுக்கள் நீங்கி, வேறொரு பாக்டீரியத்திலிருந்து வந்த மரபணுக்கள் அவ்விடத்தில் அமர்ந்துவிட்டன. ஊநீரைக் கேட்டால் முற்றிலும் அயல். வேதிவினையைக் கேட்டால் பழைய உறவு. இரண்டு விடைகளும் சரியே. தவறு வேறிடத்தில் இருந்தது. ஓ1 அல்லாதவை கொள்ளைநோய் உண்டாக்கா என்ற எண்ணம், திரட்சிச் சோதனை ஒருபோதும் சொல்லாத ஒன்றை அதன்மேல் ஏற்றியிருந்தது. ஓ139 பிற்காலத்தில் அருகிவிட்டது. இன்றைய காலராவில் ஓ1தான் பெரும்பங்கு. அவற்றுள்ளும் கிளாசிக்கல் வகைக்குரிய நச்சு மரபணு வடிவத்தைத் தாங்கிய எல் டோர் கால்வழிகள் பரவிவிட்டன. பயோவாரின் இரு கூடைகளில் எதிலும் அவை முழுதாக அடங்குவதில்லை.

5. பயோவாரும் வரலாற்றுக் கற்பிதமும்

பிளேக் கிருமி யெர்சினியா பெஸ்டிஸ் தரும் பாடம் வேறுவகை. 1951இல் தெவிஞா அதை மூன்று பயோவார்களாகப் பகுத்தார். கேள்விகள் இரண்டே: கிளிசராலை நொதிக்கச் செய்கிறதா, நைட்ரேட்டை ஒடுக்குகிறதா. இரண்டும் செய்வது ஆன்டிகுவா. நைட்ரேட்டை ஒடுக்காதது மெடீவாலிஸ். கிளிசராலைத் தொடாதது ஓரியன்டாலிஸ். இவற்றை முறையே ஜஸ்டினியன் காலப் பிளேக், இடைக்கால ஐரோப்பாவின் கரும்மரணம், 19ஆம் நூற்றாண்டில் சீனத்திலிருந்து கிளம்பிய மூன்றாம் பரவல் ஆகியவற்றோடு இணைத்தார். பெயர்களே அந்த இணைப்பைப் பறைசாற்றுகின்றன. ஓரியன்டாலிஸ் பொருத்தம் நிலைத்தது. மற்ற இரண்டும் நிற்கவில்லை. நைட்ரேட் வினை ஒரே மரபணுவின் ஒரு மாற்றத்தால் அழியக்கூடியது. அத்தகைய இழப்பை 6 அல்லது 14ஆம் நூற்றாண்டின் முத்திரையாகக் கொள்ள முடியாது. சோதனை நல்லதுதான், பெயரில் ஏற்றிய கதைதான் பாரமாயிற்று.

6. பேத்தோவார், பிற

பேத்தோவாரில் கருவி செடியே. நெல்லைத் தாக்கும் சாந்தோமோனாஸ் ஒரைசே சிற்றினத்தில் ஒரைசே, ஒரைசிகோலா என இரு பேத்தோவார்கள். முன்னது இலை விளிம்பின் நீர்த்துளைகள் வழியும் காயங்கள் வழியும் புகுந்து நீர்க்குழாய்களில் பெருகி, உழவர் அறிந்த பாக்டீரிய இலைக்கருகலை உண்டாக்கும். பின்னது இலைத்துளை வழியே புகுந்து நரம்புகளுக்கு இடைப்பட்ட திசுவில் தங்கிக் கீற்றுகளை உண்டாக்கும். ஆய்வகத் தட்டில் இரண்டும் மஞ்சள் திரள்களே. வயலில் இரண்டு வேறு நோய்கள். தாவர நோயியலார் பேத்தோவார் பெயர்களுக்கெனத் தனித் தரநிலைகளை வகுத்துக்கொண்டனர். விதியற்ற தளத்தில் ஓரளவு ஒழுங்கு நிலவுவது இங்கேதான்.

ஃபேகோவார் ஒரு காலத்தில் நோய்ப்பரவலின் தடம் காண இன்றியமையாததாக இருந்தது. டைஃபியைச் சூழ்ந்த ‘விஐ’ என்னும் உறையைப் பற்றும் ஃபேஜ்களைக் கொண்டு கிரெய்கியும் யென்னும் 1938இல் வகுத்த முறை பல பத்தாண்டுகள் நிலவியது. உருவ அமைப்பைப் பார்த்து வகுக்கும் மார்ஃபோவார் வழக்கில் அருகியது. அதைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை.

7. மரபணுத்தொகுதி வந்தபின்

1998இல் நைசீரியா மெனிஞ்சைடிடிஸுக்கு வகுத்த முறை சில மரபணுக்களின் வரிசையை ஒப்பிட்டு வகை கண்டது. பின்னர் முழு மரபணுத்தொகுதியையே படிப்பது எளிதாயிற்று. கேள்வி இப்போது நேராகவே உறவைப் பற்றியது. அதனால் சில சீரோவார்களின் உட்கூறு வெளிப்பட்டது: சால்மோனெல்லா நியூபோர்ட் என்று ஒரே வாய்பாட்டில் வழங்கியவை வெவ்வேறு மூதாதையரிடமிருந்து வந்த பல கால்வழிகள் என்று தெரிந்தது. சீரோவாரைக் கைவிட்டு வரிசைவகையை ஏற்க வேண்டும் என்று வாதிட்டோரும் உண்டு. நடந்தது வேறு. பல ஆய்வகங்கள் ஊநீர்ப் புட்டிகளை மூடி வைத்துவிட்டு, மரபணு வரிசையிலிருந்தே சீரோவாரைக் கணிக்கத் தொடங்கின. சோதனை போயிற்று, அதன் விடை மட்டும் தங்கிற்று. ஒரு நூற்றாண்டுப் பதிவேடுகளோடு ஒப்பிட அந்தப் பெயரை விட்டால் வழியில்லை என்பதால் இதை நாம் குறை கூற மாட்டோம்.

டைஃபியில் இரு பெயர்களும் அருகருகே பணிபுரிவதைக் காணலாம். 2016இல் பாகிஸ்தானின் சிந்து மாகாணத்தில் பரவத் தொடங்கிய கால்வழி, எச்58 என்று மரபணுவியலார் அழைக்கும் கிளையைச் சேர்ந்தது. பழைய முதல்வரிசை மருந்துகளோடு ஃபுளூரோகுயினோலோன், செஃப்ட்ரியாக்சோன் ஆகியவற்றுக்கும் அது அடங்கவில்லை. வாய்வழி மருந்துகளில் அசித்ரோமைசினே மிஞ்சியது. சீரோவார் பெயர் இதில் எதையும் மருத்துவருக்குச் சொல்லவில்லை. பழைய டைஃபி எதுவோ அதுவே இதுவும். ஆனால் அக்கிருமியின் விஐ உறை மாறவில்லை. ஆதலால் விஐ உறையை இலக்காகக் கொண்ட இணைவுத் தடுப்பூசி அதற்கெதிராகவும் பயன்பட்டது. 2019இல் பாகிஸ்தான் அதை வழக்கமான தடுப்பூசித் திட்டத்தில் சேர்த்த முதல் நாடாயிற்று. அதே தடுப்பூசி, டைஃபாய்டு போன்றே காய்ச்சல் உண்டாக்கும் பாராடைஃபி ஏ சீரோவாருக்குப் பயன்படாது. அதற்கு அந்த உறை இல்லை.