கட்டிலில் யாருக்கு இடம்?



மனுஷனுக்கு மரியாதை தந்ததே நாற்காலிதான் என்று எதிரணி நண்பர் முழங்கிவிட்டுப் போனார். ஐயா, நாற்காலி வருவதற்கு முன்னால் தமிழன் நின்னுக்கிட்டேவா இருந்தான்? (சிரிப்பு) ராஜா அமர்ந்த ஆசனத்துக்கே நம்ம முன்னோர் வைத்த பெயர் அரசுகட்டில்!

நெடுநல்வாடையிலே பாண்டிமாதேவியின் கட்டிலை நக்கீரர் பாடுகிறார். நாற்பது வயது யானையின் தந்தத்தில் செய்தது. அது அரண்மனைக் கட்டில். நம்ம வாசலில் கிடந்தது கயிற்றுக் கட்டில். நாலு கால், நாலு சட்டம், கொஞ்சம் கயிறு. தொய்ந்தால் இழுத்துக் கட்டு, மறுபடியும் புதுசு! மூட்டைப்பூச்சி வந்தால் வெயிலில் போடு. ரோடு இல்லாத மலையூரிலே நோயாளியைத் தூக்கிவந்த ஆம்புலன்சும் அதுதானுங்க. (கைதட்டல்) வெள்ளைக்காரன் ‘காட்’ என்கிற சொல்லையே இந்தியிலிருந்துதான் எடுத்துக்கொண்டு போனான்.

ஆனால் ஒரு குறையையும் சொல்லியாக வேண்டும். அந்தக் கட்டிலில் யார் உட்காரலாம்? மாமனார் எதிரே மருமகள் உட்காரக் கூடாது. பகலெல்லாம் காட்டில் உழைத்தவன், சாதியின் பேரால், கட்டிலுக்கு எதிரே மண்ணிலே குந்தினான். கயிறு திரித்த கைக்கே கட்டிலில் இடமில்லை!

இதற்கு மருந்தும் நம்மிடமே இருக்கிறது. இந்தத் தருமபுரிதான் பழைய தகடூர். அதியமான் ஆண்ட மண். அதை வென்ற சேரனுக்குப் பேரே தகடூர் எறிந்த பெருஞ்சேரல் இரும்பொறை. நம்ம ஊரை அழித்தவன்தான்; இருந்தாலும் சொல்கிறேன். (சிரிப்பு) வீரமுரசை நீராட்டக் கொண்டுபோயிருந்தார்கள். பூப்பரப்பிய முரசுகட்டில் காலியாக இருந்தது. களைத்து வந்த புலவர் மோசிகீரனார் தெரியாமல் ஏறித் தூங்கிவிட்டார். அதில் ஏறினால் வாளால் இரண்டு துண்டு! மன்னன் வந்தான், பார்த்தான். வாளை எடுக்கவில்லை, தன் கையாலேயே புலவருக்கு விசிறினான். புறநானூறு ஐம்பதாம் பாட்டு இது.

அதே மன்னன், தன்னைப் பாடிய அரிசில்கிழாருக்கு ஒன்பது லட்சம் பொற்காசோடு அரசுகட்டிலையே கொடுத்தான். புலவரோ, ‘நீயே ஆள வேண்டும்’ என்று திருப்பிக் கொடுத்து, அமைச்சராக இருந்தார். கொடுத்தவன் பெரியவனா, வேண்டாம் என்றவர் பெரியவரா? அதற்கே இன்னொரு பட்டிமன்றம் வைக்கலாம்!

இன்னிக்கு ஒரு நாற்காலிக்கு எத்தனை அடிதடி பார்க்கிறோம்! களைத்தவனுக்குக் கட்டிலை விட்டுக்கொடுத்தவன் ஆண்ட நாடுங்க இது. இன்றிரவு வீட்டுக்குப் போனதும், வேலை முடித்து நிற்கிற மருமகளைக் கூப்பிட்டு, ‘உட்காரும்மா’ என்று சொல்லுங்கள். நாளைக் காலையில் காட்டு வேலைக்கு வருகிறவரிடமும், ‘உட்காருங்க’ என்று சொல்லுங்கள். கட்டில் பக்கம் தீர்ப்புச் சொல்ல நடுவருக்கு அது போதும். (கைதட்டல்)