ஆராய்ச்சி மணியும் மோட்டார் வாகனச் சட்டமும்

சென்னை உயர் நீதிமன்ற வளாகத்தில் மனுநீதிச் சோழனுக்குச் சிலை இருக்கிறது. வழக்காட வருவோரில் பலர் அதை நிமிர்ந்து பார்ப்பதில்லை; அவரவர் கவலை அவரவர்க்கு. எனக்கோ அச்சிலையைக் காணும்போதெல்லாம் ஓர் எண்ணம் எழும். தமிழர் நீதிக்கு எடுத்துக்காட்டாகச் சொல்லிவரும் இவ்வழக்கு, அடிப்படையில் ஒரு வாகன விபத்து வழக்கு. வண்டி, இளவரசனின் தேர். இறந்தது கன்று. முறையிட்டது தாய்ப்பசு.

சிலம்பில் கண்ணகி பாண்டியன் முன் இதனைச் சுட்டுகிறாள். விக்கிரம சோழன் காலத்துத் திருவாரூர்க் கல்வெட்டும் இதனைச் சொல்கிறது. விரித்துரைப்பவர் சேக்கிழார். பசுக்கொலைக்கு நூல்கள் விதித்த கழுவாய் போதும் என்கிறார்கள் அமைச்சர்கள். கன்றை இழந்து கதறும் பசுவின் நோய்க்கு அது மருந்தாகுமா என்று கேட்கிறான் அரசன். எத்தனை கூர்மையான கேள்வி! ஆனால் அவன் கண்ட விடை, தன் மகனைத் தேர்க்காலில் இடுவது. இறைவன் தோன்றிக் கன்றை எழுப்பியிராவிட்டால் பசுவின் நோய் தீர்ந்திருக்காது.

இடித்தவனை மட்டுமே நோக்கிய கண், அடிபட்டவனை நோக்கித் திரும்ப நம் சட்டத்துக்கும் வெகுகாலம் பிடித்தது.

சென்னைத் தெருக்களில் முதன்முதலாக அன்றாடம் ஓடிய மோட்டார் கார், பாரி நிறுவனத்தைச் சேர்ந்த ஏ. ஜே. யார்க் என்பவருடையது என்பர். 1901 அளவில் அடையாற்றின் பென்ஸ் கார்டனிலிருந்து அலுவலகத்துக்கு அதில் போய்வந்தார். அன்று மோட்டார் வண்டியில் அடிபட்டுக் காலொடிந்தவர் உரிமையியல் நீதிமன்றத்தில்தான் வழக்கிட வேண்டும். கேட்கும் தொகைக்கேற்பக் கட்டணம் செலுத்த வேண்டும். ஓட்டியவரின் கவனக்குறைவை மெய்ப்பிக்க வேண்டும். வென்றாலும், வண்டிக்காரரிடம் பணமில்லையெனில் தீர்ப்பு வெறும் காகிதம்.

1939ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டம் மூன்றாம் நபர் காப்பீட்டைக் கட்டாயமாக்கியது. அப்பகுதி நடைமுறைக்கு வந்தது 1946 ஜூலை 1 அன்று. 1956ஆம் ஆண்டுத் திருத்தம் இழப்பீட்டுக்கெனத் தனித் தீர்ப்பாயங்களுக்கு வழிசெய்தது. சென்னையில் அப்பணி சிறுவழக்குகள் நீதிமன்றத்தின் பொறுப்பில் இருந்துவருகிறது. பெயர்தான் சிறியது. மனுச் செய்யும் கெடு முதலில் 60 நாள். 1969இல் 6 மாதமாயிற்று. 1994இல் கெடுவே நீக்கப்பட்டது. 2019ஆம் ஆண்டுத் திருத்தத்தால் 2022 ஏப்ரல் முதல் 6 மாதக் கெடு மீண்டும் நுழைந்தது. மாவுக்கட்டோடு படுத்திருப்பவருக்கு 6 மாதம் எவ்வளவு குறுகியது என்பதைச் சட்டம் இயற்றியவர்கள் எண்ணிப் பார்த்தார்களா, தெரியவில்லை.

தமிழகத்துப் பேருந்து ஒன்றின் வழக்கு இங்கே நினைவுகூரத் தக்கது. இரவில் சென்ற என்.கே.வி. பிரதர்ஸ் நிறுவனப் பேருந்து, தாழத் தொங்கிய உயரழுத்த மின்கம்பியில் மோதிற்று. பாதிக்கப்பட்டோர் 26 பேர். அவருள் 8 பேர் அங்கேயே மாண்டனர். குற்றவியல் வழக்கில், இது கடவுளின் செயல் என்று ஓட்டுநர் விடுவிக்கப்பட்டார். அவ்விடுதலையைக் காட்டி இழப்பீட்டிலிருந்து தப்ப முயன்ற நிறுவனத்தின் மனுவை 1980இல் உச்ச நீதிமன்றம் தள்ளிற்று. தண்டிப்பதற்கு வேண்டிய சான்று வேறு, ஈடுசெய்வதற்கு வேண்டிய சான்று வேறு என்பது நீதிபதி கிருஷ்ணய்யரின் தீர்ப்பில் தெளிவாயிற்று. தவற்றை மெய்ப்பிக்காமலே இழப்பீடு பெறும் முறை வேண்டும் என்றும் அவர் வலியுறுத்தினார். 1982இல் அது சட்டமாயிற்று: இறப்புக்கு 15,000 ரூபாய், நிரந்தர ஊனத்துக்கு 7,500 ரூபாய்.

காயம்பட்டு உயிர் பிழைத்தவரின் இழப்பை அளப்பதுதான் கடினம். மருத்துவச் சான்று 60 விழுக்காடு ஊனம் என்றால் வருவாய் இழப்பும் 60 விழுக்காடுதானா? அல்ல என்றது உச்ச நீதிமன்றம், 2010இல் ராஜ்குமார் எதிர் அஜய்குமார் வழக்கில். இடக்கையை இழந்த தச்சருக்குப் பிழைப்பே போகலாம். எழுத்தருக்கு வேலை நீடிக்கலாம். மயிலாப்பூர் மாடவீதியில் பூத்தொடுக்கும் பெண்ணை எண்ணிப் பாருங்கள். இரு விரல் மடங்காமற்போனால் மருத்துவர் எழுதும் எண் சிறிதாகவே இருக்கும். அவளுக்கோ அவ்விரல்களே தொழில். ஆனால் நாளொன்றுக்கு எத்தனை முழம் விற்றாள் என்பதற்கு எந்த ரசீதும் இராது. அமைப்புசாராத் தொழிலாளர் பலருக்கும் வழக்கு இடறும் இடம் இதுதான்.

தீர்ப்பு வந்தபின்னும் தொகை வரவேண்டுமே. தனி நிதி வைத்திருக்கும் அரசுப் போக்குவரத்துக் கழகங்களுக்குக் காப்பீட்டிலிருந்து சட்டம் விலக்களிக்கிறது. கழகம் பணம் கட்டத் தவறினால் மனுதாரர் மீண்டும் நீதிமன்றப் படியேறி, பேருந்தை ஜப்தி செய்ய உத்தரவு பெற வேண்டும். பின்னர் ஒருநாள் நீதிமன்ற அமீனா பேருந்து நிலையத்துக்கு வந்து, கிளம்பத் தயாராக நிற்கும் வண்டியில் ஆணையை ஒட்டுகிறார். உள்ளே இருப்பவர்கள் முணுமுணுத்துக்கொண்டே இறங்கி, அடுத்த வண்டியைத் தேடிப் போகிறார்கள்.