அலெக்சாண்டர் - போரஸ்... சீரியலில் பார்த்ததெல்லாம் நிஜமா?

தாம்பரத்தில் எலெக்ட்ரிக் ட்ரெயின் ஏறி, ஜன்னல் சீட்டும் கிடைத்துவிட்டால் கை தானாக மொபைலை எடுக்கும். குரோம்பேட்டை வருவதற்குள் எபிசோடில் மூழ்கியிருப்பீங்க. அது அலெக்சாண்டர் கதை என்றால், இதையும் படிச்சிடுங்க.

ரெண்டு தொடர், ரெண்டு பார்வை

2017 நவம்பரில் சோனி டி.வி-யில் தொடங்கியது 'போரஸ்' என்ற இந்தித் தொடர். தயாரிப்பு, சித்தார்த் குமார் திவாரி. போரஸாக லக்‌ஷ் லால்வானி ('கில்' பட ஹீரோதான்!), அலெக்சாண்டராக ரோஹித் புரோஹித். இதில் ஹீரோ நம்ம ராஜா.

2024 ஜனவரியில் நெட்ஃப்ளிக்ஸில் வந்த 'அலெக்சாண்டர்: தி மேக்கிங் ஆஃப் எ காட்' 6 எபிசோடுகள். பாரசீக மன்னர் டேரியஸுடனான மோதல்தான் கதை. நடுநடுவே வரலாற்று ஆய்வாளர்கள் வந்து பேசுவாங்க. அப்படியும், 'வரலாற்றுப் பிழைகள் நிறைந்தது' என்று கிரீஸின் கலாசார அமைச்சர் லினா மென்டோனி நாடாளுமன்றத்திலேயே சாடினார்.

நிஜத்தில் என்ன தெரியும்?

கி.மு. 326. இன்றைய பாகிஸ்தானில் உள்ள ஜீலம் நதிக்கரையில் போர். அலெக்சாண்டர் ஜெயித்தார், ஆனால், போரஸின் நாட்டை அவரிடமே திருப்பிக் கொடுத்தார். இதைச் சொல்பவை கிரேக்க, ரோமானிய நூல்கள். நம் பழைய இலக்கியங்களில் இந்தப் போர் பற்றி ஒரு வரிகூட இல்லை. விரிவாக எழுதிய அர்ரியன், போருக்கு 400 ஆண்டுகளுக்கு மேல் கழித்து வாழ்ந்தவர். அலெக்சாண்டருடன் இருந்த தாலமி, அரிஸ்டோபுலஸ் இருவரின் குறிப்புகளை வைத்து எழுதினார்.

'போரஸ்தான் ஜெயிச்சார், கிரேக்கர்கள் மறைச்சுட்டாங்க' என்று ஃபேமிலி குரூப்பில் ஃபார்வர்டு வருதா? ஒரு நிமிஷம் யோசிங்க. போரஸின் உயரம், யானை மேலிருந்து கடைசிவரை போரிட்ட வீரம், தோற்றபிறகும் 'என்னை அரசனாக நடத்து' என்ற கம்பீரம்... எல்லாமே அதே கிரேக்கர்கள் எழுதியதுதான். அதைத் தூக்கிப்போட்டால், போரஸும் கூடவே போயிடுவார்!

பார்க்கும்போது கவனிங்க

* போர், வருஷம், ஊர்: நூல்களோடு ஒப்பிட்டுப் பார்க்கலாம்.
* அரண்மனைச் சதி, அம்மா சென்டிமென்ட், தனியறைப் பேச்சு: பெரும்பாலும் எழுத்தாளரின் கற்பனை.
* கதை யார் பக்கம் நிற்கிறது என்று பாருங்க. மறுபக்கத்தையும் தேடிப் படிங்க.

ரசிக்க சீரியல் போதும். வாதாடணும்னா, கிண்டி வருவதற்குள் ரெண்டு பக்கமாவது படிச்சிடுங்க!